பெண்களுக்கான பகல் காட்சி

என் கூறைச்சேலையை என்னைவிடக் கூடுதல் தடவை கட்டியவர் என் கணவர். நான் கட்டியது ஒரே ஒரு நாள், அதுவும் குனிந்த தலை நிமிராமல். அவர் அதைக் கட்டிக்கொண்டு கட்டைபறிச்சானில் ஆடினார், வெருகலில் ஆடினார், தார்ப் பீப்பாக்களின் மேல் பலகை அடுக்கிய மேடைகளிலெல்லாம் ஆடினார். திரும்பி வரும்போது கரைப்பட்டில் வியர்வை உப்பாகக் காய்ந்திருக்கும். நான் முகத்தைச் சுளித்தால், “அலுமாரிக்குள்ள கிடந்து பூச்சி தின்னுறதை விட, நாலு சனம் பாக்கட்டுமே” என்பார். அந்தப் பதிலுக்கு ஒரு பதில் தேடி நான் கொஞ்சக் காலம் செலவழித்திருக்கிறேன். கிடைக்கவில்லை.

துறைமுகத்தில் கப்பல்களுக்குப் பெயின்ட் அடிப்பது அவருடைய வேலை. வெள்ளைக்காரன் கடற்படைத் தளத்தைக் கொடுத்துவிட்டுப் போன காலத்தில் எங்கள் தெருவில் பலருக்கு வேலை போனது. இவருக்குப் போகவில்லை. கொடி மாறினால் இரும்பு துருப்பிடிக்காமல் விட்டுவிடுமா? பகல் முழுக்கக் கப்பலின் வயிற்றோரம் கயிற்றில் தொங்கும் பலகையில் நிற்பார். வேலை முடிந்தால் நாடக சபை. துறைமுகத்து ஆட்கள் பத்துப் பதினைந்து பேர் சேர்ந்து நடத்திய சபை அது. இசை நாடகம் போடுவார்கள். அரசனும் அரசியும் சண்டை பிடிப்பதும் பாட்டு, சமாதானமாவதும் பாட்டு, இடையிடையே ஆட்டம். அந்த நாளில் எங்கள் பக்கத்துப் பெண்கள் மேடை ஏறுவதில்லை என்பதால் ராணி, தோழி, குறத்தி எல்லாம் மீசை மழித்த ஆண்கள்தான். அதில் இவரை அடிக்க ஆளில்லை என்று ஊரே சொல்லும். நான் மட்டும் சொன்னதில்லை. வீட்டிலும் புகழ்ந்தால் பிறகு ஆளைப் பிடிக்க ஏலாது என்று எனக்குப் பயம்.

இப்போது சொல்கிறேன். அவர் ஆட்டம் அப்படி ஒரு ஆட்டம். ஆள் பெரிய அழகன் இல்லை. கழுத்து நீளம், தோள் அகலம், நகத்தைச் சுற்றி எந்த நேரமும் சாம்பல் நிறப் பெயின்ட். மண்ணெண்ணெயில் துணியை நனைத்து அதைத் தேய்த்துக்கொண்டே குசினிக்குள் ஒத்திகை பார்ப்பார். நான் அடுப்படியில் இருந்து பார்ப்பேன். ஒரு எட்டு வைத்தால் பானை சட்டி அசையாது. அவ்வளவு பெரிய உடம்பு எப்படி அப்படிச் சத்தமில்லாமல் இறங்குகிறது என்று ஒருநாள் கேட்டேவிட்டேன். “தொங்கிற பலகையில நிக்கிறவன் காலை வைக்க முதல் யோசிப்பான். வைச்சாப் பிறகு யோசிக்க மாட்டான்” என்றார். எனக்கு அது பாதிதான் விளங்கியது. ஆனாலும் அன்றைக்கு மீன் குழம்பு கொஞ்சம் அடிப்பிடித்துப் போனது.

வெருகலில் ஒருமுறை மேடைப் பலகை உடைந்து அவருடைய கால் முழங்கால் வரைக்கும் உள்ளே போய்விட்டதாம். வேறு யாராக இருந்தாலும் திரையை இழுக்கச் சொல்லியிருப்பார்கள். இவர் ஆற்றங்கரையில் அமர்ந்த ராணி மாதிரி அப்படியே இருந்து, முழுப்பாட்டையும் கையாலும் கழுத்தாலும் ஆடி முடித்தார். சனம் அதைக் கதையில் உள்ளது என்று நினைத்துவிட்டது. அடுத்த வருடம் போனபோது, அந்த இருந்து ஆடுகிற ஆட்டத்தைக் காணோமே என்று சண்டைக்கு வந்தார்களாம். பிறகு ஒவ்வொரு முறையும் இருந்து ஆடினார். சதங்கை கட்டிய இடத்தில் தோல் உரிந்து வந்த காலுக்கு மருந்து போட்டவள் நான். அது சனத்துக்குத் தெரியாது.

பெண் நடையை அவர் என்னிடம் பழகவில்லை. “உம்மட நடை ஆம்பிளை நடை” என்று கல்யாணமான மாதமே சொல்லிவிட்டார். அதற்காக அவர் போய் நின்ற இடம் படகுத்துறை ஜெட்டி. மூதூரிலிருந்து லோஞ்ச் வந்து அணைகிறபோது, மூதூர்ப் பெண்களும் கட்டைபறிச்சான் பெண்களும் ஒரு கையில் கூடை, ஒரு கையில் சேலைக் கொய்யகமுமாக இறங்குவார்கள். லோஞ்ச் ஆடும். முதலில் பெருவிரல் பலகையைத் தொட்டுப் பார்க்கும், பிறகுதான் பாதம் வரும். இவர் மூன்று ஞாயிறு தொடர்ந்து போய் நின்று அந்தக் கால்களையே பார்த்திருக்கிறார். மூன்றாம் ஞாயிறு, மூதூர் வியாபாரி ஒருவர், தாடி நரைத்த முஸ்லிம் மனிதர், சேர்ட்டைப் பிடித்துவிட்டார்.

“மூணு கிழமையாப் பாக்கிறன் தம்பி. பொம்புளையள்ட கால்ல அப்பிடி என்ன கிடக்கு?”

“நாடகத்துக்குப் பழகிறன் காக்கா.”

“அப்பிடியெண்டா இறங்கிக் காட்டு பாப்பம்.”

இவர் லோஞ்சில் ஏறினார். யாரோ ஒருவருடைய வெங்காயக் கூடையை வாங்கி இடுப்பில் வைத்தார். சாரத்தின் முன்பக்கத்தை இரண்டு விரலால் தூக்கிப் பிடித்தார். பெருவிரலால் பலகையைத் தொட்டு, கொஞ்சம் பயந்து, கொஞ்சம் வெட்கப்பட்டு, இறங்கினார். அந்த மனிதர் இவருடைய சேர்ட்டை நீவிவிட்டுச் சொன்னார்: “சரிதான். எங்கட வீட்டு மனிசி இறங்கிற மாதிரியே கிடக்கு. ஆனா இனி இஞ்ச வந்து நிக்காத, பழகினது காணும்.” இவர் வீட்டுக்கு வர முன்னரே மீன்காரி வந்து எனக்கு எல்லாம் சொல்லிவிட்டாள். இரண்டு நாள் சிரித்தேன்.

இவ்வளவும் சொல்கிறேனே, அவர் நாடகத்தை அந்த வருடங்களில் நான் மேடையில் பார்த்தது ஒரே ஒரு தடவை, கல்யாணமான புதிதில். அதுவும் பாதிதான். அவர் இடுப்பை ஒடித்து ஒரு சுற்றுச் சுற்றியபோது பின்னால் நின்ற பொடியன்கள் விசிலடித்தார்கள். அவர் கட்டியிருந்தது என் கூறைச்சேலை. எனக்கு என்னைப் பார்த்து அடித்த மாதிரியே இருந்தது. எழுந்து வந்துவிட்டேன். அதற்குப் பிறகு சேலை கட்டிவிடுவேன், கொண்டை ஊசி செருகுவேன், பொட்டு நேராக இருக்கிறதா என்று பார்ப்பேன், வாசலோடு சரி. அவரும் வா என்று கேட்டதில்லை.

எங்களுக்கு ஒரு பெண் பிள்ளை இருந்தாள். இரண்டரை வயது வரைக்கும் இருந்தாள். ஓர்ஸ் ஹில் அடிவாரத்தில் எங்கள் வீடு. முற்றம் முழுக்க மணல். அவள் நாள் முழுக்க அதற்குள் கிடப்பாள். கால் துடைக்காமல் பாயில் ஏற விடமாட்டேன். வாசலில் நிறுத்தி, என் சேலைத் தலைப்பால் ஒவ்வொரு காலாகத் துடைப்பேன். அவள் என் தலைமயிரைப் பிடித்துக்கொண்டு ஒற்றைக் காலில் நிற்பாள்.

காய்ச்சல் வந்தது. நாலு நாள். ஐந்தாம் நாள் காலை ஆஸ்பத்திரியிலிருந்து தூக்கிக்கொண்டு வந்தோம்.

அன்றைக்கு நான் அழவில்லை. பாயில் கிடந்த பிள்ளையின் காலடியில் இருந்து, தலைப்பால் அவள் காலைத் துடைத்துக்கொண்டே இருந்தேன். நாலு நாள் கட்டிலில் கிடந்த பிள்ளையின் காலில் ஏது மண்? அது எனக்கும் தெரியும். கை நிற்கவில்லை. கடைசியில் யாரோ என் கையைப் பிடித்து எடுத்தார்கள். இவர் கதவடியில் ஆண்களோடு நின்றார். பிறகு வந்து பிள்ளையை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு போனார். எங்களில் பெண்கள் சுடலைக்குப் போவதில்லை. திரும்பி வந்து கிணற்றில் குளித்தார். ஒரு கிழமையில் வேலைக்குப் போனார். ஒரு மாதத்தில் ஒத்திகைக்கும் போனார்.

நான் அதற்குப் பிறகுதான் அழத் தொடங்கினேன். இவர் அழவே இல்லை. நான் பிள்ளையின் கதையை எடுத்தால் எழும்பி வெளியில் போய்விடுவார். அவளுடைய பெயரை அவர் வாயால் நான் பிறகு கேட்டதில்லை. வேறு பிள்ளையும் பிறக்கவில்லை. மேடையில் நூறு பேரை அழ வைக்கிற மனிதனுக்குத் தன் பிள்ளைக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை என்று நான் முடிவு கட்டினேன். ஆட்டத்தில் இருந்த மதிப்பு குறையவில்லை. ஆளில் இருந்தது குறைந்தது. ஒரே வீட்டில் சமைத்தோம், சாப்பிட்டோம். ஆறு வருடம் அப்படிப் போனது.

அந்த ஆறாம் வருடத்தில் சபை ஒரு புது நாடகம் எடுத்தது. சபையை நடத்திய அண்ணாவியார் துறைமுகத்தில் ஸ்டோர் பார்க்கிறவர். கதையும் பாட்டும் அவரே எழுதினது. கப்பலில் போன அரசனைத் தேடி ஒரு ராணி கடலோரம் குடிசை போட்டு இருக்கிறாள். அவளுடைய சின்ன மகனை அலை கொண்டுபோய், பிறகு கரையில் ஒதுக்குகிறது. ராணி வேஷம் இவருக்குத்தான். நாலு இடத்தில் போட்டார்கள், நல்ல பேர். ஐந்தாவதாக, ஒரு பள்ளிக்கூடத்துக்குக் கூரை போட உதவி என்று ஓர்ஸ் ஹில் பக்கத்து மண்டபம் ஒன்றில் ஏற்பாடானது. ஞாயிறு பிற்பகல், பெண்களுக்கு மட்டும். முதல் நாள் இவர் நகத்தைத் தேய்த்துக்கொண்டே, என்னைப் பார்க்காமல் சொன்னார்.

“நீரும் வாருமன். விசிலடிக்க ஆக்கள் இல்லை.”

போனேன். பகல் வெளிச்சத்தில் மண்டபம் நிறையப் பெண்கள். முன்வரிசைக் கதிரைகளில் ஆசிரியைகள், அவர்களுக்குப் பின்னால் முக்காடு போட்ட பெண்கள், பிள்ளைகளை மடியில் வைத்த பெண்கள். நான் நடுவில் இருந்தேன். திரை விலகி அவர் வந்தார். நான் கட்டிவிட்ட சேலை, நான் செருகின ஊசி. ஆனால் வந்தது யார் என்று எனக்குத் தெரியவில்லை. படகிலிருந்து இறங்குகிற கட்டத்தில் பெருவிரலை நீட்டித் தொட்டுப் பார்த்தாரே, மண்டபம் முழுக்க ஒரு சிரிப்பு ஓடியது. ஒவ்வொருத்தியும் தன் காலைக் கண்ட சிரிப்பு. மகனோடு விளையாடுகிற ஆட்டத்தில் அவருடைய கால் தரையில் பட்டதா என்றே சந்தேகம். என் பக்கத்தில் இருந்த அம்மா, “உது ஆர் பெத்த பிள்ளையோ” என்றார். என் புருஷன் என்று சொல்ல வாய் துடித்தது. விழுங்கிக்கொண்டேன்.

பிறகு பிள்ளை கரை ஒதுங்குகிற கட்டம். மரத்தில் செதுக்கிய பிள்ளை. அதற்குத் தோல் நிறம் பூசினதும் இவர்தான். தூக்கி மடியில் வைத்து, ஒப்பாரிப் பாட்டைத் தொடங்கினார். இரண்டு அடி பாடினார். பாட்டை விட்டார். பிள்ளையைக் கீழே கிடத்தி, காலடிக்குப் போய் இருந்து, சேலைத் தலைப்பை எடுத்து அதன் உள்ளங்காலைத் துடைக்கத் தொடங்கினார். அவசரமில்லாமல், மற்ற வேலை ஒன்றும் உலகத்தில் இல்லாத மாதிரி.

அது நான். என் முதுகு வளைவு, என் கை, தலைப்பைச் சுருட்டிப் பிடித்த என் விரல். ஆறு வருடத்துக்கு முன்னர் அந்தப் பாயடியில் இருந்த என்னை எனக்கே தெரியாது. நான் எப்படி இருந்தேன் என்று அன்றைக்குத்தான் கண்டேன். எவ்வளவு சரியாகச் செய்கிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். அதை நினைத்ததற்காக என்னையே எனக்குப் பிடிக்கவில்லை. சுற்றி எல்லாப் பெண்களும் மூக்கை உறிஞ்சினார்கள். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு, முடிந்தது, முடிந்துவிட்டது என்று இருந்தேன்.

முன்வரிசையில் கண்ணாடி போட்ட ஒரு ஆசிரியை கை தட்டி, “வன்ஸ்மோர்” என்றார்.

இசை நாடகத்தில் அது ஒரு வழக்கம். சனத்துக்கு ஒரு கட்டம் பிடித்துவிட்டால் வன்ஸ்மோர் கேட்கும், கேட்டால் திரும்பச் செய்தே ஆகவேண்டும். செத்த அரசன் எழும்பி நின்று பாடி, திரும்பச் சாவான். சனம் சிரிக்காது. மறுத்த நடிகனை நான் கேள்விப்பட்டதில்லை. அது சபையை அவமதிக்கிற காரியம். ஆசிரியைக்குப் பின்னால் மண்டபமே சேர்ந்து கேட்டது. ஆண்கள் இல்லாத இடம், வெட்கம் விட்டுக் கேட்டார்கள். இவர் எழும்பினார். மரப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய், முதலில் கிடந்த கரையில் திரும்பக் கிடத்தினார். ஆர்மோனியம் ஒப்பாரியை முதலில் இருந்து எடுத்தது.

நான் எழுந்தேன். என் பிள்ளை ஒருதரம் செத்தது காணாதா? கதிரைகளை இடித்துக்கொண்டு நடந்தேன். கதவடியில் திரும்பினபோது அவர் என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார். பாட்டு நின்றது. ஆர்மோனியம் மட்டும் அதே அடியை இரண்டு மூன்று தரம் திரும்பத் திரும்ப வாசித்தது.

பின்னேரம் அவர் பாதி அழிந்த பூச்சோடு வீட்டுக்கு வந்தார். நான் வாசலிலேயே கேட்டேன்.

“என்ர பிள்ளையின்ர சாவைக் காட்டியோ பேர் வாங்கிறீங்கள்?”

அவர் கிணற்றடிக்குப் போனார். முகத்தைக் கழுவினார். உடுப்புப் பெட்டியை அலுமாரிக்கு மேல் ஏற்றி வைத்தார். அடுத்த நாள் சபைக்குப் போய், இனி ராணி மட்டுமில்லை, ஒரு வேஷமும் கட்டுவதில்லை என்று சொல்லிவிட்டு வந்தார்.

வென்றுவிட்டேன் என்றுதான் நினைத்தேன். ஆனால் மூன்று மாதம் அந்த மனிதன் வேலையால் வந்து கதிரையில் இருந்ததை நான் பார்க்க வேண்டியிருந்தது. இரண்டு பாதமும் தரையில், அசையாமல். குசினியில் நான் தேங்காய் துருவுகிற சத்தத்துக்கே தாளம் போடுகிற கால்கள் அவை. ஆடாத அவரோடு எனக்குப் பழக்கம் இல்லை. கோபமும் குறையவில்லை. முகத்தைக் கொடுத்துக் கதைக்கவும் மனம் வரவில்லை.

ஒருநாள் அவர் வேலையில் இருக்கிற நேரம் பார்த்து அண்ணாவியார் வந்தார். நான் கொடுத்த தேத்தண்ணியை ஆற்றி ஆற்றிக் குடித்தார்.

“வெருகல் கோயிலுக்கு நாள் குறிச்சாச்சு தங்கச்சி. வேற ஒருத்தனைப் போட்டுப் பாத்தனான். பாடுறான், ஆடுறான். ஆனா சனம் அழாது.”

“அழ வேணுமெண்டால் அவையவை தங்கட வீட்டில அழட்டும்” என்றேன்.

அவர் கோபிக்கவில்லை. “அந்தக் காலைத் துடைக்கிறது நான் எழுதினதில்லை. நாலு அடி ஒப்பாரி, அவ்வளவுதான் நான் எழுதினது. அந்தப் பெண்களின்ர காட்சிக்கு முதல் நாலு இடத்தில போட்டம், ஒரு இடத்திலயும் உங்கட மனிசன் அதைச் செய்யேல்லை. ஒத்திகையிலயும் இல்லை. அண்டைக்குத்தான் எனக்கும் தெரியும். எங்கயிருந்து எடுத்தனியடா எண்டு கேட்டால் வாய் திறக்கிறானில்லை. உங்களுக்குத் தெரியுமோ எண்டு கேக்கத்தான் வந்தனான்.”

தெரியாது என்று சொல்லி அனுப்பிவிட்டேன். பிறகு குசினியில் போய் இருந்தேன். நாலு இடம். நாலு இடத்திலும் ஆயிரம் சனம் இருந்திருக்கும், வெருகலில் கேட்ட மாதிரித் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கும், பேரும் வந்திருக்கும். அங்கெல்லாம் செய்யவில்லை. கல்யாணம் முடித்த நாளில் இருந்து வா என்று கேட்காதவர் அன்றைக்கு மட்டும் கேட்டார். நான் கதிரையில் இருந்த அன்றைக்கு மட்டும் செய்தார்.

அவர் வரும்போது பொழுது சாயவில்லை. நான் முற்றத்தில் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டு நின்றேன். வழமைபோல் படியில் இருந்து மண்ணெண்ணெய்த் துணியால் கையைத் துடைக்கத் தொடங்கினார். நான் போய்ப் பக்கத்தில் இருந்தேன்.

“ஏன் அண்டைக்கு மட்டும் செய்தனீங்கள்?”

கை நின்றது. பிறகு, தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

“வாயால சொல்ல எனக்கு ஏலாது. உமக்குத் தெரியும்தானே. அண்டைக்கு நான் கதவடியில நிண்டனான். நீர் துடைச்சதை எல்லாம் பாத்தனான். கிட்ட வந்து இருந்திருக்கோணும். சுத்திவர ஆம்பிளையள். தூக்கிக்கொண்டு போற வேலை எனக்கு. அழத் தொடங்கினால் பிள்ளையைக் கைதவறிப் போட்டிடுவன் எண்டு பயம், அடக்கினனான். பிறகு அழுகையை வரச் சொன்னாலும் வரேல்லை.” துணியை மடித்தார், விரித்தார். “உமக்குப் பக்கத்தில வந்து இருக்க எனக்கு ஆறு வருஷம் எடுத்துது. அதைத்தான் காட்டினனான். வன்ஸ்மோர் கேப்பினம் எண்டு நான் நினைக்கேல்லை.”

இந்த மனிதனையா ஆறு வருடம் கல் என்று நினைத்துக்கொண்டு சோறு போட்டேன். எனக்கு என்னைப் பற்றி வெட்கமாக இருந்தது. அதைச் சொல்லத் தெரியவில்லை. எனக்கும் வாயால் வராத சில இடங்கள் உண்டு.

“வெருகலுக்குப் போங்கோ” என்றேன். “ஆனா நீங்கள் துடைச்சது பிழை.”

நிமிர்ந்து பார்த்தார்.

“உள்ளங்காலை மட்டும் துடைச்சனீங்கள். நான் விரல் இடுக்கெல்லாம் துடைச்சனான். மண் அங்கதான் நிக்கும்.”

அவர் படியிலிருந்து இறங்கி எனக்கு முன்னால் குந்தினார். என் வலது காலைப் பிடித்துத் தன் முழங்காலில் வைத்தார். கணவன் மனைவியின் காலைத் தொடுவது பாவம் என்று வளர்த்த வீடு எங்களுடையது. இழுக்க நினைத்தேன், இழுக்கவில்லை. சாரத்தின் நுனியைச் சுருட்டி, முற்றத்து மண் ஒட்டியிருந்த என் விரல்களின் இடுக்கை ஒவ்வொன்றாகத் துடைத்தார். சரியோ என்று கேட்கிற மாதிரி இடையில் ஒருமுறை பார்த்தார். சரி என்று தலையாட்டினேன். நாலாவது விரலைத் தாண்டிச் சின்னவிரலுக்கு வந்தபோது எங்கள் பிள்ளையின் பெயரைச் சொன்னார், சொல்லிவிட்டு அழுதார்.